சிஸ்டம்32-இல் மூன்று சோர்பியக் கோப்புகள்

விண்டோஸ் ஓடும் கணினி ஒன்றில் சிஸ்டம்32 ஃபோல்டரைத் திறந்து, ‘கேபிடி’ என்று தொடங்கும் கோப்புகளைத் தேடிப் பாருங்கள். நூற்றுக்கு மேல் வந்து நிற்கும். ஒவ்வொன்றும் உலகில் யாரோ ஒருவருடைய விசைப்பலகை. துருக்கிக்கு இரண்டு, ஜெர்மனுக்குச் சில, நம் தமிழுக்கும் உண்டு. அந்த வரிசையில் கேபிடிசார்எஸ்டி, கேபிடிசார்எஸ்1, கேபிடிசார்இஎக்ஸ் என்று மூன்று டிஎல்எல் கோப்புகள் இருக்கும். மூன்றும் சோர்பிய மொழிக்கானவை. ஜெர்மனியின் கிழக்கு ஓரத்தில், போலந்து, செக் எல்லைகளை ஒட்டிய லுசாட்டியா என்ற பகுதியில் சோர்பியர்கள் வாழ்கிறார்கள். சுற்றிலும் ஜெர்மன் பேசும் ஊர்கள். இவர்கள் பேசுவதோ செக், போலிஷ் மொழிகளின் உறவான ஸ்லாவிய மொழி. அதிலும் இரண்டு: சாக்சனி மாநிலத்தில் பௌட்சன் நகரைச் சுற்றி மேல் சோர்பியம், பிராண்டன்பர்க்கில் காட்பஸ் நகரைச் சுற்றிக் கீழ் சோர்பியம். இரண்டையும் பேசுபவர்களைக் கூட்டினாலும் 20,000 முதல் 30,000 வரைதான் என்று மதிப்பிடுகிறார்கள். நம் ஊரில் ஒரு பேரூராட்சி அளவு மக்கள். அவர்களுக்காக உலகத்துக் கணினிகளிலெல்லாம் மூன்று கோப்புகள் ஏன் கிடக்க வேண்டும், வேண்டியவர்கள் தரவிறக்கிக்கொள்ளட்டுமே என்று கேட்பவர்கள் உண்டு. கேள்வி நியாயமானதுபோல் தோன்றினாலும், அது தவறான இடத்திலிருந்து தொடங்குகிறது என்பதுதான் என் வாதம்.

முதலில் அந்தக் கோப்புக்குள் என்ன இருக்கிறது என்று பார்த்துவிடுவோம். நாம் விசையை அழுத்தும்போது கீபோர்டு எழுத்தை அனுப்புவதில்லை. எந்த இடத்து விசை அழுத்தப்பட்டது என்ற எண்ணை மட்டும் அனுப்புகிறது. அந்த எண்ணுக்கு எந்த எழுத்து என்று சொல்வது இந்த டிஎல்எல் கோப்பு. இதில் நிரல் என்று சொல்லும்படி பெரிதாக எதுவும் கிடையாது. அட்டவணைகள் இருக்கின்றன, அந்த அட்டவணைகள் எங்கே இருக்கின்றன என்று இயங்குதளத்துக்குக் காட்ட ஒரே ஒரு ஃபங்ஷன் இருக்கிறது, அவ்வளவுதான். ஷிஃப்ட் இல்லாமல் அழுத்தினால் இது, ஷிஃப்டோடு அது, ஆல்ட்ஜிஆர் விசையோடு இன்னொன்று என்று ஓர் அட்டவணை. டெட் கீ எனப்படும் விசைகளுக்குத் தனி அட்டவணை. டெட் கீயை அழுத்தினால் திரையில் ஒன்றும் வராது. அடுத்த எழுத்துக்காக அது காத்திருக்கும். அந்த எழுத்து வந்ததும் இரண்டும் சேர்ந்து, தலையில் குறி தாங்கிய ஓர் எழுத்தாக விழும். எந்தக் குறியோடு எந்த எழுத்து சேரலாம் என்பதையும் இந்த அட்டவணைதான் முடிவு செய்கிறது. அட்டவணையில் இல்லாத ஜோடி சேராது. மொத்தக் கோப்பும் சில கிலோபைட் அளவே. மூன்றையும் சேர்த்தாலும் கைப்பேசியில் எடுத்த ஒரு புகைப்படத்தில் நூறில் ஒரு பங்குகூட வராது. இடத்தை அடைக்கிறது என்ற புகாருக்கு இதற்குமேல் பதில் தேவையில்லை.

ஆனால் அந்த அட்டவணை இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதைச் சற்று நின்று பார்க்க வேண்டும். சோர்பியர்கள் தங்கள் மொழியை ‘செர்ப்ஷ்சினா’ என்கிறார்கள். லத்தீன் எழுத்தில் ஒன்பது எழுத்துச் சொல். பௌட்சனில் கடையில் வாங்கிய சாதாரண ஜெர்மன் கணினியில், ஜெர்மன் விசைப்பலகையோடு இதைத் தட்டத் தொடங்குங்கள். முதல் நான்கு எழுத்துகள் தடையில்லாமல் வரும். ஐந்தாவது, தலையில் சிறு கொக்கி வைத்த எஸ். அந்தக் கொக்கிக்கு வழக்கமான ஜெர்மன் அமைப்பில் விசையே இல்லை. ஆறாவது, தலையில் சாய்கோடு போட்ட சி. சாய்கோட்டுக்கு விசை இருக்கிறது, பேக்ஸ்பேஸுக்குப் பக்கத்திலேயே. அழுத்துகிறீர்கள், டெட் கீ ஆகையால் காத்திருக்கிறது. பிறகு சி-யை அழுத்துகிறீர்கள். கோடும் சி-யும் சேராமல், அடுத்தடுத்து இரண்டு தனிக் குறிகளாக விழுகின்றன. ஏனென்றால் ஜெர்மன் கோப்பின் அட்டவணையில் சாய்கோடு உயிரெழுத்துகளோடும் ஒய்யோடும் மட்டும்தான் சேரும். பிரெஞ்சுச் சொல்லோ ஸ்பானியப் பெயரோ எழுத அது போதும். விசை இருக்கிறது, குறி இருக்கிறது, திரையில் காட்ட எழுத்துரு இருக்கிறது, யூனிகோடில் அந்த எழுத்துக்கு இடமும் இருக்கிறது. ஒரே ஒரு வரி அட்டவணையில் இல்லாததால் ஒருவர் தன் மொழியின் பெயரைத் தட்ட முடியவில்லை. ஒரு மொழி கணினிக்குள் வர எத்தனை கதவுகள் திறந்திருக்க வேண்டும், அதில் கடைசிக் கதவு எவ்வளவு சிறியது என்பது இந்த ஒரு சொல்லிலேயே தெரிந்துவிடுகிறது.

யூனிகோடுக்கு முந்தைய காலத்தையும் சொல்ல வேண்டும், ஏனென்றால் ‘எப்படியாவது சமாளித்துக்கொள்வார்கள்’ என்ற எண்ணத்துக்கு அதுதான் சாட்சி. அன்றைய எட்டு பிட் குறியீடுகளில் மத்திய ஐரோப்பாவுக்கான பக்கத்தில் சோர்பிய எழுத்துகள் எல்லாமே இருந்தன; ஜெர்மன் எழுத்துகளும் இருந்தன. ஆனால் ஜெர்மனியில் விற்ற கணினிகள் மேற்கு ஐரோப்பியப் பக்கத்தில் ஓடின. ஒரு பக்கத்தில் எழுதிய கோப்பை மறுபக்கத்தில் திறந்தால், குறுக்குக் கோடு போட்ட எல் இருந்த இடத்தில் மேலே ஏறிய சிறு 3 தோன்றும். கொக்கி வைத்த ஆர் டேனிஷ் ஓ-வாக மாறும். சாய்கோட்டு சி, ஏ-யும் ஈ-யும் ஒட்டிய இரட்டை எழுத்தாகும். தமிழில் டிஸ்கி, டாப் என்று குறிமுறைகள் சண்டையிட்ட நாட்களைக் கண்டவர்களுக்கு இந்தக் காட்சி புதிதாக இருக்காது. சமாளிப்பதற்கு இரண்டே வழிகள் இருந்தன: குறிகளை விட்டுவிட்டு எழுதுவது, அல்லது ஜெர்மனில் எழுதிவிடுவது. சிறிய மொழி பேசும் எல்லோருக்கும் பெரிய மொழியும் தெரியும் என்பதால் இரண்டாவது வழி எப்போதும் சுலபம். அந்தச் சுலபம்தான் ஆபத்து.

இப்போது என் வாதத்தின் மையத்துக்கு வருகிறேன். ‘வேண்டியவர் தரவிறக்கிக்கொள்ளட்டும்’ என்பவர்கள், சோர்பிய எழுத்தைத் தட்டுகிறவர் சோர்பியர், அவர் தட்டுவது தன் சொந்தக் கணினியில் என்று எண்ணிக்கொள்கிறார்கள். உண்மையில் ஒரு மொழியின் எழுத்து அதன் மக்களுடைய வீட்டுக்குள் மட்டும் நடமாடுவதில்லை. சாக்சனியின் 1992 அரசியல் சட்டம் சோர்பியர்களின் மொழி உரிமையைப் பெயர் சொல்லிக் காக்கிறது. 1999-இன் சாக்சனிச் சட்டம் அரசு அலுவலகங்களில் சோர்பியத்தைப் பயன்படுத்தும் உரிமையைத் தருகிறது. பிராண்டன்பர்க்கில் 1994-இலேயே தனிச் சட்டம் வந்தது. சோர்பியர் வாழும் மாவட்டங்களின் நீதிமன்றங்களில் சோர்பியத்தில் பேசலாம் என்று ஜெர்மனியின் நீதிமன்ற அமைப்புச் சட்டமே சொல்கிறது. 1997-இல் வந்த சட்டம் ஒன்று, சிறுபான்மை மக்கள் ஜெர்மன்மயமாக்கப்பட்ட தங்கள் பெயரை சொந்த மொழி வடிவத்துக்கு மாற்றிக்கொள்ள வழிசெய்தது. 2025 மே மாதம் முதல், சோர்பியப் பெண்கள் குடும்பப் பெயரைத் தங்கள் மரபுப்படி பெண்பால் விகுதியோடு வைத்துக்கொள்ளலாம். இத்தனை சட்டங்களும் கடைசியில் எங்கே வந்து சேர்கின்றன? ஏதோ ஓர் அலுவலகத்தில், ஒரு கவுன்டருக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும் ஒருவரின் கீபோர்டில். அவர் பெரும்பாலும் ஜெர்மன் மட்டுமே தெரிந்தவராக இருப்பார். அந்தக் கணினியில் எதையும் நிறுவ அவருக்கு அதிகாரம் இருக்காது. அலுவலகக் கணினிகள் அப்படித்தான் பூட்டப்பட்டிருக்கும். கேட்டால், தொழில்நுட்பப் பிரிவுக்கு விண்ணப்பம் போட வேண்டும் என்பார். எதிரே நிற்பவரோ குழந்தையின் பிறப்பைப் பதிய வந்திருக்கிறார். அந்த நிமிடத்தில் ‘குறி இல்லாமலே போட்டுக்கொள்ளுங்கள், பரவாயில்லை’ என்று சொல்லிவிடுவது மனித இயல்பு. அப்படி ஒருமுறை பதிவான பெயர் பள்ளிச் சான்றிதழ், காப்பீட்டு அட்டை, வங்கிக் கணக்கு என்று போகுமிடமெல்லாம் குறி இழந்தே தொடரும்.

இதனால்தான், கோப்பு முன்கூட்டியே அங்கே இருப்பதற்கும் தேடி நிறுவ முடிவதற்கும் இடையே உள்ள தூரம் மிகப் பெரியது என்கிறேன். இயங்குதளத்தோடு வந்த அமைப்பைச் சேர்க்க, மொழிப் பட்டியலில் நான்கைந்து க்ளிக் போதும். வழக்கமாக அதற்கு நிர்வாக அதிகாரமும் தேவைப்படுவதில்லை. நூலகத்துப் பொதுக் கணினி, பள்ளி ஆய்வகம், மருத்துவமனை வரவேற்பு மேசை, பத்திரிகைக்கு வெளியூரிலிருந்து கட்டுரை அனுப்புபவரின் இரவல் லேப்டாப், எல்லாவற்றிலும் சோர்பியம் தட்டத் தயாராக இருக்கிறது. சிறிய மொழி பேசுபவர் தன் வாழ்நாளில் பெரும்பகுதியைப் பிறருடைய கணினிகளின் முன்னால்தான் கழிக்கிறார். ஆகவே அந்தக் கோப்பு பிறருடைய கணினிகளில் இருந்தாக வேண்டும்.

எண்ணிக்கையை அளவுகோலாக வைப்பவர்களுக்கு நம் பக்கத்திலிருந்தே ஓர் எடுத்துக்காட்டு இருக்கிறது. தமிழ்99 விசைப்பலகை அமைப்பைத் தமிழ்நாடு அரசு 1999-இல் தரப்படுத்தியது. பேசுபவர்கள் ஏழு கோடிக்கும் மேல். விண்டோஸ் 7-இல் சோர்பியத்துக்கு மூன்று அமைப்புகள் இருந்தன. தமிழ்99 இல்லை, இன்ஸ்கிரிப்ட் என்ற வேறு அமைப்பு மட்டும் இருந்தது. விண்டோஸ் 10 காலத்தில்தான் தமிழ்99 உள்ளே வந்தது. அதுவரை அதை விரும்பியவர்கள் தனி மென்பொருளைத் தேடி நிறுவிக்கொண்டார்கள். அந்த வசதி எல்லோருக்கும் எட்டவில்லை. எத்தனையோ அலுவலகங்களில் பழைய எழுத்துருக்களே தங்கிவிட்டன. ஆக, கூட்டம் பெரிதாக இருப்பதால் கதவு தானாகத் திறப்பதில்லை. சிறிதாக இருப்பதால் திறக்கக் கூடாது என்பதும் இல்லை. யாரோ கேட்டார்கள், யாரோ அட்டவணையைச் சரியாகத் தயாரித்தார்கள், யாரோ அதை அடிப்படைத் தொகுப்பில் சேர்க்கச் சம்மதித்தார்கள். சோர்பியத்துக்கு அது நடந்தது நல்ல காரியம். நமக்குத் தாமதமானதை வைத்து அவர்களுக்குக் கிடைத்ததை மிகை என்று சொல்வது பொருந்தாது.

இன்னும் வலுவான மறுப்பு ஒன்று உண்டு. ஜெர்மன் தர நிறுவனம் தன் விசைப்பலகைத் தரத்தை விரிவாக்கி, ஐரோப்பாவின் லத்தீன் எழுத்து மொழிகள் பலவற்றையும் ஒரே பலகையில் தட்டும்படி செய்திருக்கிறது. விண்டோஸிலும் ‘ஜெர்மன் எக்ஸ்டெண்டட்’ என்று அது வந்துவிட்டது. பெயர்களை மின்னணு முறையில் கையாள எந்தெந்த எழுத்துகளை அரசுக் கணினிகள் ஏற்க வேண்டும் என்று டின் 91379 என்ற தரமும் 2022-இல் வந்திருக்கிறது. பிறகு தனியாக சோர்பிய அமைப்பு எதற்கு? இந்த மறுப்பை நான் மதிக்கிறேன். கவுன்டர் எழுத்தருக்கு அந்த விரிவான ஜெர்மன் பலகை உண்மையிலேயே போதும், நாளைக்கு அவரிடம் ஒரு செக் பெயரோ வியட்நாமியப் பெயரோ வந்தாலும் உதவும். ஆனால் பெயர் ஒன்றைத் தட்டுவது வேறு, ஒரு மொழியில் நாள் முழுக்க எழுதுவது வேறு. பௌட்சனில் ‘செர்ப்ஸ்கே நோவினி’ என்ற மேல் சோர்பிய நாளிதழ் வெளிவருகிறது; காட்பஸில் ‘நோவி சாஸ்னிக்’ என்ற கீழ் சோர்பிய வார இதழ். அங்கே எழுதுபவருக்குக் கொக்கி எழுத்துகள் ஒவ்வொரு வரியிலும் வரும். அவருக்கு வேண்டியது அந்த மொழியின் ஓட்டத்துக்கு அமைந்த பலகை. அதோடு இன்னொரு செய்தியும் இருக்கிறது. விண்டோஸில் விசைப்பலகை எப்போதும் ஒரு மொழியோடு கட்டப்பட்டே சேர்க்கப்படுகிறது. மேல் சோர்பியத்துக்கு 1070, கீழ் சோர்பியத்துக்கு 2094 என்று மொழி எண்கள் உண்டு, தமிழுக்கு 1097. நீங்கள் எந்த மொழியின் கீழ் தட்டுகிறீர்களோ, வேர்ட் போன்ற மென்பொருள் அந்த உரையை அந்த மொழி என்றே குறித்துக்கொள்ளும். ஜெர்மன் பலகையில் தட்டிய சோர்பிய உரை வழக்கமாக ஜெர்மன் என்றே பதிவாகும். வரிக்கு வரி சிவப்புக் கோடு விழும். எழுத்துத் திருத்தி ஜெர்மன் சொற்களைப் பரிந்துரைக்கும். தன் மொழியில் சரியாக எழுதியவரைப் பார்த்து, நீ எழுதியதெல்லாம் பிழை என்று கணினி நாள் முழுக்கச் சொல்லிக்கொண்டிருக்கும். எழுதப் பழகும் ஒரு பள்ளிப் பிள்ளையின் மனதில் அது என்ன செய்யும் என்று யோசித்தால், தனி அமைப்பு ஆடம்பரமாகத் தோன்றாது.

பாதுகாப்பு பற்றிய அச்சத்தையும் ஒதுக்கிவிட முடியாது. பயன்படுத்தாத கோப்பு எதற்குக் கிடக்கிறது, அதில் ஓட்டை இருந்தால் என்ன என்று கேட்பவர்கள் காரணம் இல்லாமல் கேட்கவில்லை. விசைப்பலகைக் கோப்பைப் படிப்பது இயங்குதளத்தின் கருவறைப் பகுதி. 2010-இல் வெளிப்பட்ட ஸ்டக்ஸ்நெட் என்ற தீநிரல், விண்டோஸ் விசைப்பலகைக் கோப்பைப் படிக்கும் முறையில் இருந்த ஒரு குறையைப் பயன்படுத்தித்தான் பழைய விண்டோஸ் பதிப்புகளில் அதிகாரத்தைக் கைப்பற்றியது. வேண்டுமென்றே கெடுத்துத் தயாரித்த ஒரு விசைப்பலகைக் கோப்பு அதற்குப் போதுமானதாக இருந்தது. அந்த ஓட்டையை மைக்ரோசாஃப்ட் அதே ஆண்டு அடைத்தது. இந்த நிகழ்ச்சி காட்டுவது என்ன? வெளியிலிருந்து வரும் கோப்பு அபாயமானது என்பதை. இயங்குதளத்தோடு வந்து, கையொப்பத்தோடு, மாற்ற முடியாதபடி காக்கப்படும் கோப்பு அந்த அபாயத்திலிருந்து நம்மை விலக்கியே வைக்கிறது. தரவிறக்கிக்கொள்ளட்டும் என்ற ஏற்பாடுதான் மக்களை முன்பின் தெரியாத டிஎல்எல் தளங்களை நோக்கித் தள்ளும். ‘கேபிடிசார்எஸ்டி காணவில்லை’ என்று பிழைச்செய்தி வந்து யாராவது இதைப் படிக்க நேர்ந்தால், அவர்களுக்கு ஒரே வேண்டுகோள்: அந்தக் கோப்பை எங்கிருந்தும் இறக்காதீர்கள். விண்டோஸிலேயே இருக்கும் எஸ்எஃப்சி என்ற சரிபார்ப்புக் கட்டளையை நிர்வாகி அனுமதியோடு ஓடவிடுங்கள். கெட்டுப்போன சிஸ்டம் கோப்புகளை அது தன் கையிருப்பிலிருந்து மீட்டுவைக்கும். மூன்றில் ஒன்று ‘பழையது’ என்று பெயரிடப்பட்டிருப்பதைப் பார்த்து அதை அழிக்கவும் வேண்டாம். அமைப்பில் திருத்தம் வரும்போது பழையதை மாற்றாமல், புதியதைப் பக்கத்தில் வைப்பது விண்டோஸின் வழக்கம். பழையதில் விரல் பழகியவர் ஒரு நாள் காலையில் தன் எழுத்துகள் இடம் மாறிக் கிடப்பதைக் காணக் கூடாது என்ற கரிசனம் அதில் இருக்கிறது.

லினக்ஸ் பக்கம் இதே விஷயம் இன்னும் வெளிப்படையாக இருக்கிறது. அங்கே அமைப்புகள் யாரும் திறந்து படிக்கக்கூடிய உரைக்கோப்புகள். ஜெர்மனிக்கான கோப்புக்குள்ளேயே கீழ் சோர்பியத்துக்கு இரண்டு வடிவங்கள் எழுதி வைக்கப்பட்டிருக்கின்றன. ஜெர்மனி என்று தேடிப் போகிறவர் கண்ணில் சோர்பியமும் படும். அந்த நாட்டின் மொழிகளில் அதுவும் ஒன்று என்பது கோப்பின் அமைப்பிலேயே தெரியும்.

கடைசியாக எல்லோரும் சொல்வது, கீபோர்டு மொழியைக் காப்பாற்றாது என்பது. காப்பாற்றாது, ஒப்புக்கொள்கிறேன். 1937-இல் நாஜி அரசு சோர்பியரின் தலைமை அமைப்பான டோமோவினாவையும் அவர்களின் பத்திரிகையையும் முடக்கியது. பிறகு பழுப்பு நிலக்கரிச் சுரங்கங்கள் லுசாட்டியாவின் ஊர்களைப் பெயர்த்தெடுத்தன. இவற்றுக்கெல்லாம் ஈடுசெய்ய எந்த டிஎல்எல் கோப்பாலும் முடியாது. வீட்டில் பேசுவதும், 1998 முதல் ‘விதாய்’ திட்டத்தில் மழலையர் பள்ளிகள் செய்துவரும் வேலையும்தான் மொழியை அடுத்த தலைமுறைக்குக் கொண்டுபோகும். ஆனால் இன்றைக்கு ஒரு மொழிக்குக் கிடைக்கும் அடுத்தடுத்த வசதிகள் எல்லாம் அதில் தட்டப்பட்ட உரையின் மேல்தான் கட்டப்படுகின்றன. 2020-இல் டபிள்யூஎம்டி மாநாட்டின் இயந்திர மொழிபெயர்ப்புப் பணிகளில் ஜெர்மனும் மேல் சோர்பியமும் ஓர் இணையாக எடுக்கப்பட்டன. பயிற்சிக்கு ஏறத்தாழ 60,000 வாக்கிய இணைகள் கிடைத்தன. பெரிய மொழிகளுக்குக் கோடிக்கணக்கில் இருக்கையில் இது மிகச் சிறிது. ஆனாலும் அந்த 60,000 வாக்கியங்களையும் யாரோ ஒவ்வொரு கொக்கியும் சாய்கோடும் சரியாக விழும்படி தட்டியிருக்கிறார்கள். ஃபயர்ஃபாக்ஸும் லிப்ரே ஆஃபீஸும் இரண்டு சோர்பியங்களிலும் கிடைக்கின்றன. அவற்றின் மெனுக்களையும் மனிதர்கள்தான் தட்டினார்கள். கைப்பேசியில் எழுத்தை அழுத்திப் பிடித்தால் குறிகள் வரும், கணினிப் பலகை எதற்கு என்பவர்கள், ஒரு பாடநூலையோ நாளிதழின் ஒரு பக்கத்தையோ அப்படி அழுத்திப் பிடித்து எழுதிப் பார்க்கட்டும்.

ஆகவே நான் கேட்பது கோப்பு இருந்தால் போதும் என்பதற்கு ஒரு படி மேல். லுசாட்டியாவின் அரசு அலுவலகங்கள், பள்ளிகள், நீதிமன்றங்களில் கணினியை அமைத்துத் தருபவர்கள், ஜெர்மனோடு சோர்பியத்தையும் மொழிப் பட்டியலில் முதல் நாளே சேர்த்துக் கொடுக்க வேண்டும். செலவு இல்லை, உரிமம் இல்லை, கோப்பு ஏற்கெனவே உள்ளே இருக்கிறது. கவுன்டரில் நிற்பவர் தன் மகளின் பெயரைச் சொல்கிறார். எழுத்தர் விண்டோஸ் விசையோடு ஸ்பேஸ் பாரை ஒருமுறை தட்டுகிறார். மூலையில் மொழிக்குறி மாறுகிறது. கொக்கி விழ வேண்டிய எழுத்தில் கொக்கி விழுகிறது. இன்னொரு முறை தட்டி ஜெர்மனுக்குத் திரும்பி, அடுத்த கட்டத்தில் பிறந்த தேதியை நிரப்புகிறார்.